காலன் சபையில் வாய்தா

காலத்தைக் கூட்டினான், குறைத்தான், நிறுத்தினான், முன்னுக்குத் தள்ளினான் என்று யாராவது பிராது கொடுத்தால் அதை விசாரிக்க ஒரு கோர்ட் வேண்டும். அப்படியொரு கோர்ட் நம்மிடம் ரொம்ப நாளாகவே இருக்கிறது. கற்பனைக் கோர்ட்தான். எமதர்மராசன் சபை என்று பெயர். காலம் என்றால் பொழுது, காலன் என்றால் எமன். நீதிபதியும் வழக்குப் பொருளும் ஒரே சொல்லின் பிள்ளைகள். நீதிபதியே ஒரு கட்சிக்காரனாகவும் இருக்கும் கோர்ட் என்று ஆரம்பத்திலேயே சொல்லிவிடுகிறார்கள். அந்த அளவில் நேர்மையான ஏற்பாடுதான்.

அந்தக் கோர்ட்டுக்கு ஒரு கணக்குப்பிள்ளை உண்டு. சித்திரகுப்தன். தென்மாவட்டங்களில் சித்திரா பௌர்ணமி அன்று சித்திரபுத்திர நாயனார் கதையை ராத்திரி வாசிப்பார்கள், பெண்கள் விரதம் இருந்து கேட்பார்கள். கையில் ஏடும் எழுத்தாணியும் வைத்துக்கொண்டு யாருக்கு எத்தனை நாள், யார் என்ன பண்ணினான் என்று எழுதிக்கொண்டே இருப்பவர். பார்த்தால் நம் ஊர்க் கர்ணத்தைத் தூக்கி மேலே உட்கார வைத்த மாதிரி இருக்கும். இங்கே பரம்பரைக் கர்ண வேலையை 1980-ல் ஒழித்துவிட்டார்கள். மேலே இருப்பவருக்கு இன்னும் ஓய்வு வரவில்லை.

இல்லாத கோர்ட்டைப் போய் எதற்குக் கிளற வேண்டும், இருக்கிற கோர்ட்டைப் பேசுங்கள் என்று தோழர்கள் சொல்லலாம். இருக்கிற கோர்ட்டுக்கும் வருகிறேன். ஆனால் சட்டப்புத்தகம் எழுதுகிறவன் நாலு பேருக்குப் பயந்து எழுதுவான். எல்லோரும் சமம் என்று முதல் பக்கத்தில் போட்டுத்தான் ஆக வேண்டும். கதை கட்டுகிறவனுக்கு அந்தக் கட்டாயம் கிடையாது. காலம் யாருக்காக நிற்க வேண்டும், யாரை நிற்க வைக்க வேண்டும் என்று இந்தச் சாதிச் சமூகம் மனசுக்குள் நினைத்ததைக் கூசாமல் எழுதி வைத்த இடம் கதைதான். அதனால் அந்தக் கோர்ட்டின் பழைய தீர்ப்புகளைக் கொஞ்சம் புரட்டிப் பார்ப்போம்.

முதல் வழக்கு திருக்கடையூரில். மிருகண்டு முனிவரின் பிள்ளை மார்க்கண்டேயனுக்குப் பதினாறு வயசுதான் ஆயுள் என்பது விதி. பதினாறு முடிந்ததும் காலன் கயிற்றோடு வருகிறான். பையன் லிங்கத்தைக் கட்டிக்கொள்கிறான். சிவன் வெளிப்பட்டுக் காலனை உதைத்துக் கொல்கிறார். மேல்முறையீடு என்பதே இல்லை. நேராக நீதிபதிக்கு உதை. பையன் என்றும் பதினாறு. காலனும் செத்துப்போனதால் பூமியில் சாவே இல்லாமல் பாரம் ஏறிப்போக, பூமாதேவி முறையிட்ட பிறகுதான் அவனுக்கு உயிர் திரும்பியது. ஒரு முனிவர் வீட்டுப் பிள்ளைக்காக உலகத்தின் சாவுக் கணக்கே நின்றது. இன்றைக்கும் அறுபதாம் கல்யாணம், எண்பதாம் கல்யாணம் பண்ணிக்கொள்ள வசதி உள்ளவர்கள் போகிற ஊர் அதுதான்.

அதே ஊரில் இன்னொரு வழக்கு. அபிராமி சன்னதியில் தன்னை மறந்து உட்கார்ந்திருந்த பட்டரிடம் சரபோஜி மன்னர் இன்றைக்கு என்ன திதி என்று கேட்கிறார். தை அமாவாசை. பட்டர் பௌர்ணமி என்று சொல்லிவிட்டார். மன்னருக்குக் கோபம். தண்டனை வரப்போகிறது. அம்பாள் தன் தோட்டைக் கழற்றி வீச, வானத்தில் நிலா வந்துவிட்டது. கவனியுங்கள். சொன்னவர் தன் சொல்லைத் திருத்திக்கொள்ளவில்லை. சொல்லுக்கு ஏற்ற மாதிரி வானத்தைத் திருத்தினார்கள்.

இதே கீழத்தஞ்சை மண்ணில்தான் என் தாத்தா பண்ணையாளாக இருந்தார். விடிவெள்ளி முளைக்கும்போது வயலில் நிற்க வேண்டும். வீட்டில் கடிகாரம் கிடையாது, வானத்தைப் பார்த்துத்தான் கிளம்ப வேண்டும். மழை மூட்டத்தில் வெள்ளி தெரியாமல் பிந்திப் போனால் கதை முடிந்தது. சவுக்கடியும் சாணிப்பாலும் அந்தக் காலத்துப் பண்ணைகளின் தண்டனைகள் என்பது ஊரறிந்தது. 'பொழுது ஆண்டையோடதுடா, நமக்கு இருட்டு மட்டுந்தான் சொந்தம்' என்பார். பட்டருக்குத் தோட்டை வீசிய கை, மூட்டம் போட்ட விடியற்காலையில் ஒரு வெள்ளியைக் காட்டியிருக்கலாம். காட்டவில்லை. கதையிலேயே காட்டவில்லை என்பதுதான் எனக்கு முக்கியம். அப்படி ஒரு கதை கட்டலாம் என்றுகூட யாருக்கும் தோன்றவில்லை.

மூன்றாவது வழக்கு கூத்து பார்த்தவர்களுக்குத் தெரியும். பாரதப் போருக்கு முன் களப்பலி. அமாவாசையன்று பலி கொடுக்கிற பக்கத்துக்கு வெற்றி என்று சகாதேவன் நாள் குறித்துத் துரியோதனனிடம் சொல்லிவிடுகிறான். துரியோதனன் அரவானிடம் போய்ச் சம்மதமும் வாங்கிவிடுகிறான். கிருஷ்ணன் என்ன செய்கிறான்? ஒரு நாள் முன்னாலேயே போய் ஆற்றங்கரையில் தர்ப்பணம் கொடுக்க உட்கார்ந்துவிடுகிறான். இதென்ன அநியாயம் என்று சூரியனும் சந்திரனும் சேர்ந்து கேட்க வருகிறார்கள். நீங்கள் இரண்டு பேரும் ஓரிடத்தில் சேர்ந்தால் அதுதான் அமாவாசை என்று முடித்துவிடுகிறான். காலத்தில் செய்த மோசடி என்றால் இதுதான் அசல் மோசடி. பிராது கொடுக்க வந்தவர்களின் வருகையையே குற்றத்துக்குச் சாட்சியாக மாற்றிவிட்ட கெட்டிக்காரத்தனம்.

இந்த வழக்கில் யாருடைய காலம் திருடப்பட்டது? துரியோதனனுடையது என்று பண்டிதர்கள் சொல்வார்கள். அரவான் நாகர் குலத்துப் பெண் வயிற்றில் பிறந்தவன். அமாவாசை ஒரு நாள் முன்னுக்கு வந்தபோது குறைந்தது அவன் ஆயுளில் ஒரு நாள். நாளை நகர்த்தியவர்களில் ஒருவன்கூட அந்த ஒரு நாளைக் கணக்கில் எழுதவில்லை. கூவாகத்தில் வருஷா வருஷம் தாலி கட்டிக்கொண்டு மறுநாள் அறுத்துக்கொண்டு அழுகிற திருநங்கைகள் மட்டும்தான் அந்தக் கணக்கை இன்னும் வைத்திருக்கிறார்கள்.

இனி நம் ஆள். நந்தன். அவர் வழக்குக்குப் பெயரே போதும். திருநாளைப்போவார். அறுபத்து மூன்று பேரில் ஒருவருக்குத்தான் கிடைக்காத ஒன்றையே பெயராக வைத்தார்கள். தில்லைக்கு நாளைக்குப் போவேன் என்று சொல்லிச் சொல்லியே நாள் கழிந்தவர் என்று சேக்கிழார் காரணமும் சொல்லிவிடுகிறார். எம்.ஏ. வகுப்பில் இந்தப் பகுதியை நடத்திய பேராசிரியர், இது அடியாரின் தாழ்மை, பக்தியின் நாணம் என்று உருகிப்போய் விளக்கினார். வகுப்பில் எங்கள் தெருப் பிள்ளைகள் மூன்று பேர் இருந்தோம். ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பார்த்துக்கொண்டோம். நாளைக்கு வா என்று சொல்லி அனுப்பப்படுவதற்குப் பெயர் தாழ்மையா? தாலுகா ஆபீசில் சாதிச் சான்றிதழுக்கு நின்ற எவனும் அதைத் தாழ்மை என்று சொல்ல மாட்டான்.

பத்தொன்பதாம் நூற்றாண்டில் கோபாலகிருஷ்ண பாரதி நந்தனைக் கீர்த்தனையாக்கியபோது சேக்கிழாரிடம் இல்லாத வேதியர் ஆண்டை ஒருவரைக் கொண்டுவந்தார். தில்லைக்குப் போக உத்தரவு கேட்ட நந்தனிடம், நாற்பது வேலி நிலத்தின் வேலையை முடித்துவிட்டுப் போ என்கிறார் ஆண்டை. சிவன் அருளால் ஒரே ராத்திரியில் நடவாகி, விளைந்து, கதிர் சாய்ந்து நிற்கிறது. தமிழில் சேரி மனிதன் ஒருவனுக்காகக் காலம் அசைந்த கதை என்று எனக்குத் தெரிந்து இது ஒன்றுதான். ஒரு போகத்தின் மாதங்கள் ஒரு ராத்திரியாகச் சுருங்கின. சரி, நெல் யார் களஞ்சியத்துக்குப் போனது? ஆண்டை களஞ்சியத்துக்கு. மார்க்கண்டேயனுக்காகக் காலம் நின்றபோது ஆயுள் அவனுக்குக் கிடைத்தது. பட்டருக்காக நிலா வந்தபோது உயிர் அவருக்குக் கிடைத்தது. நந்தனுக்காகக் காலம் ஓடியபோது நாற்பது வேலி மகசூல் ஆண்டைக்கும், உத்தரவு மட்டும் நந்தனுக்கும் கிடைத்தன. உத்தரவு கிடைத்துப் போனவருக்குத் தில்லையில் என்ன காத்திருந்தது என்று உங்களுக்குத் தெரியும். தீ.

இவ்வளவும் கதைதானே என்று விட்டுவிடலாம், கர்மம் என்ற ஒரு நடைமுறை மட்டும் இல்லாமலிருந்தால். காலன் சபையின் உண்மையான பலம் எருமையிலோ பாசக்கயிற்றிலோ இல்லை, அதன் விசாரணை முறையில் இருக்கிறது. குற்றம் ஒரு பிறவியில், தண்டனை இன்னொரு பிறவியில். குற்றப்பத்திரிகை நகல் கிடைக்காது. என்ன செய்தோம் என்று குற்றவாளிக்கு ஞாபகம் இருக்காது. சேரியில் பிறந்ததே தண்டனைக்கு ஆதாரம், தண்டனையே குற்றத்துக்கு ஆதாரம். அம்பேத்கர் மறைந்தபின் 1957-ல் வெளிவந்த 'புத்தரும் அவர் தம்மமும்' நூலில் இந்த முற்பிறவிக் கணக்கை அவர் ஏன் அப்படி மறுக்கிறார் என்பதை இந்த இடத்தில் வைத்துப் படிக்க வேண்டும். ஏழைகள், தாழ்த்தப்பட்டவர்களின் நிலைமைக்கான பொறுப்பிலிருந்து அரசும் சமூகமும் தப்பித்துக்கொள்ளத்தான் இந்தக் கோட்பாடு பயன்படுகிறது என்பது அவர் வாதம். காலத்தைக் கையாளுவதில் இதைவிடப் பெரிய வேலை என்ன இருக்கிறது? இன்றைக்கு அடித்த அடியின் தேதியையே மாற்றி, நீ பிறக்கும் முன்னாடியே வாங்க வேண்டியிருந்த அடி இது என்று எழுதிவிடுகிறார்கள்.

இப்போது இருக்கிற கோர்ட்டுக்கு வருவோம்.

வன்கொடுமை வழக்குகளில் நம் சனங்களோடு கோர்ட்டுக்குப் போய் உட்காருவது என் வேலைகளில் ஒன்று. அங்கே புழங்குகிற முக்கியமான சொல் வாய்தா. உருதுவிலிருந்து வந்த சொல். வாக்குறுதி என்பது அதன் வேர்ப்பொருள். வாக்குக் கொடுத்து அனுப்புவதற்கும் வெறுங்கையோடு அனுப்புவதற்கும் இங்கே ஒரே சொல்தான். நாற்று நடும் சீசனில் ஒருநாள் கூலியை விட்டுவிட்டு, ரெண்டு பஸ் மாறி வந்து, படிக்கட்டில் சாயங்காலம் வரைக்கும் உட்கார்ந்திருந்தால் அரசு வக்கீல் வரவில்லை, எதிரிகளில் ஒருவருக்கு உடம்பு சரியில்லை, நீதிபதி லீவு என்று ஏதோ ஒன்று. சாட்சிக்கு வருகிறவர்களுக்குப் பயணப்படி கொடுக்க வேண்டும் என்று 1995-ம் வருஷத்து விதிகளில் இருக்கிறது. கேட்டு வாங்குவதற்கு இன்னொரு வாய்தா போக வேண்டும். மகனை அடித்துப் போட்ட வழக்கில் வருஷக்கணக்காக நடக்கிற ஓர் அம்மா என்னிடம் சொன்னது: 'தம்பி, நாள் குடுக்கறது அவுங்க. ஆனா குடுக்கற நாள் என்னோடதுல்ல. என் நாளை எடுத்து எனக்கே குடுத்து, மறுபடி வான்னு சொல்றாங்க.'

வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் 2015-ம் வருஷத் திருத்தம், குற்றப்பத்திரிகை தாக்கலானதிலிருந்து இயன்றவரை இரண்டு மாதத்துக்குள் விசாரணையை முடிக்க வேண்டும் என்கிறது. 'இயன்றவரை' என்ற சொல்லில்தான் நம் சனங்களின் ஆயுள் போய் ஒளிந்துகொள்கிறது.

வாச்சாத்தியை எடுத்துக்கொள்வோம். தருமபுரி மாவட்டத்து மலையடிவாரக் கிராமம், பழங்குடி மக்கள். 1992 ஜூன் 20 அன்று சந்தனக்கட்டை தேடுகிறோம் என்று வனத்துறை, போலீஸ், வருவாய்த்துறை ஆட்கள் ஊருக்குள் புகுந்தார்கள். ஊரைச் சூறையாடினார்கள். 18 பெண்கள் வன்புணர்வுக்கு ஆளானார்கள். தருமபுரி நீதிமன்றத்தின் தீர்ப்பு வந்தது 2011 செப்டம்பர் 29-ல். விரல் விட்டு எண்ணிப் பார்த்தேன், 7,040 நாள். குற்றம் சாட்டப்பட்டவர்கள் 269 பேர். தீர்ப்பு நாளில் உயிரோடிருந்தவர்கள் 215 பேர், அத்தனை பேரும் குற்றவாளிகள் என்று தீர்ப்பானது. மீதி 54 பேர்? அவர்களைக் காலனே விடுதலை செய்துவிட்டான். தண்டனையை உயர்நீதிமன்றம் உறுதி செய்தது 2023 செப்டம்பர் 29-ல். 11,423 நாள். அன்றைக்குப் பதிமூன்று வயசுப் பிள்ளையாக இருந்திருந்தால் இன்றைக்குப் பேரப்பிள்ளை எடுத்திருக்கலாம்.

இந்த இடத்தில்தான் எனக்கு ஒரு கேள்வி. தாமதம் என்று இதைச் சொல்வது சரியா? தாமதம் என்றால் வர வேண்டியது வரவில்லை, அவ்வளவுதான். ஒரு குறை. இயந்திரத்தில் துரு ஏறிவிட்டது, எண்ணெய் போட வேண்டும் என்கிற மாதிரி. கூடுதல் கோர்ட் திறந்தால், காலியிடங்களை நிரப்பினால் சரியாகிவிடும் என்கிறார்கள். திறக்கட்டும், நல்லதுதான். ஆனால் அந்த 7,040 நாள் எங்கேயும் காணாமல் போகவில்லையே. ஒருவரிடமிருந்து எடுக்கப்பட்டது இன்னொருவர் கைக்குப் போயிருக்கிறது. குற்றவாளிகள் அந்த நாட்களில் பிள்ளைகளைப் படிக்க வைத்தார்கள், வீடு கட்டினார்கள், சுதந்திர மனிதர்களாக வாழ்ந்தார்கள், சிலர் அப்படியே செத்தும் போனார்கள். பெண்கள் அதே நாட்களில் தங்கள் வாக்குமூலத்தைத் திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டிருந்தார்கள். நாற்பது வேலி நெல் மாதிரிதான் இதுவும். உழைப்பு ஒரு பக்கம், மகசூல் ஒரு பக்கம். பொருளை எடுத்தால் திருட்டு என்று சொல்லும் சட்டம், நாளை எடுத்தால் தாமதம் என்கிறது.

இதற்கு ஒரு மறுப்பு உண்டு. அது லேசானதில்லை. சீக்கிரம் வேண்டும் என்றால் எப்படிச் சீக்கிரம்? சந்தேகத்தில் பிடித்தவனை ராத்திரியோடு ராத்திரியாகச் சுட்டுத் தள்ளுவதும் சீக்கிரம்தான். அப்படிச் சாகிறவன் எந்தத் தெருக்காரன் என்று சொல்ல வேண்டியதில்லை. மேல்முறையீடு, ஜாமீன், குறுக்கு விசாரணை எல்லாம் நேரம் பிடிக்கும், அந்த நேரம் நம் பையன்களுக்கும் வேண்டும். எனக்கு இது நன்றாகவே புரிகிறது. பொய்க்கேசில் உள்ளே போன பிள்ளைகளுக்காகவும் நான் அதே படிக்கட்டில்தான் உட்காருகிறேன். ஆனால் அங்கே காலம் எப்படி நடக்கிறது என்று பாருங்கள். இந்தியச் சிறைகளில் இருப்பவர்களில் ஏறக்குறைய நான்கில் மூன்று பங்கு, தீர்ப்பே வராத விசாரணைக் கைதிகள். அவர்களில் தலித், ஆதிவாசி, முஸ்லிம்களின் பங்கு மக்கள்தொகையில் அவர்களுக்குள்ள பங்கைவிட அதிகம். அதிகபட்சத் தண்டனையில் பாதியை விசாரணைக் கைதியாகவே கழித்துவிட்டால் விட்டுவிடலாம் என்று 2005-லேயே சட்டத்தைத் திருத்தினார்கள். 2024 ஜூலையில் வந்த புதுச் சட்டம் முதல்முறை குற்றம் சாட்டப்பட்டவர்களுக்கு மூன்றில் ஒரு பங்கு போதும் என்கிறது. தீர்ப்பு இல்லாமலே பாதித் தண்டனை முடியும் என்பதைச் சட்டமே ஒத்துக்கொள்கிறது! ஆகவே வேகம், நிதானம் என்பதல்ல என் பிரச்சினை. நாம் வாதியாகப் போனாலும் காத்திருக்கிறோம், பிரதிவாதியாகப் போனாலும் காத்திருக்கிறோம். முதலில் சொன்னதில் குற்றவாளி வெளியே இருக்கிறான், இரண்டாவதில் நாம் உள்ளே இருக்கிறோம். கடிகாரம் ஒன்றுதான், சாவி கொடுக்கிற கை ஒன்றுதான்.

தீர்ப்பு வந்த பிறகாவது காலம் நிற்குமா? மேலவளவு. 1997 ஜூன் 30. ஊராட்சித் தலைவராக ஜெயித்துவிட்ட குற்றத்துக்காக முருகேசனையும் உடன் இருந்த ஆறு பேரையும் வெட்டிக் கொன்றார்கள். 2001-ல் 17 பேருக்கு ஆயுள் தண்டனை. ஆயுள் என்றால் எவ்வளவு? எம்.ஏ. தமிழ் படித்தவன் என்ற உரிமையில் சொல்கிறேன், அந்தச் சொல்லுக்கு அகராதியில் ஒரு பொருளும் அரசாணையில் ஒரு பொருளும் இருக்கிறது. அண்ணா நூற்றாண்டு என்று 2008-ல் 3 பேர் வெளியே வந்தார்கள். எம்.ஜி.ஆர். நூற்றாண்டு என்று 2019 நவம்பரில் 13 பேர் வந்தார்கள். கழகங்கள் இரண்டும் தத்தம் தலைவர் பிறந்த நாளைக் கொண்டாடிக்கொண்டன. கொலையுண்டவர்களின் பிறந்த நாள் எந்தக் காலண்டரிலும் இல்லை. கைதிகளுக்குக் கருணை காட்டக் கூடாது என்று நான் சொல்ல வரவில்லை, மரண தண்டனைக்கும் நான் எதிரிதான். ஆனால் கருணையின் நாளை யார் குறிக்கிறார்கள் என்று கேட்க வேண்டியிருக்கிறது. அமாவாசையை முன்னுக்கு இழுத்த அதே கை இல்லையா இது? செத்தவர்களின் வீடுகளில் ஒரு வார்த்தை கேட்டிருந்தால் அது வேறு விஷயம்.

சட்டத்தில் அனுபவ பாத்தியதை என்று ஒன்று உண்டு. அடுத்தவன் நிலத்தை வெளிப்படையாக, தடையில்லாமல் 12 வருஷம் அனுபவித்து வந்தால், அரசு நிலமாக இருந்தால் 30 வருஷம் அனுபவித்து வந்தால், அனுபவித்தவனே உரிமை கொண்டாடலாம் என்கிறது 1963-ம் வருஷத்துக் காலவரையறைச் சட்டம். திருடியவன் சும்மா இருந்தால் போதும், காலம் அவனுக்காக உழைத்துப் பட்டா வாங்கிக் கொடுத்துவிடும். 1892-ல் வெள்ளைக்காரன் நம் சனங்களுக்கென்று ஒதுக்கிய பஞ்சமி நிலங்களைப் பற்றிக் கேட்கப்போனால், எத்தனை காலத்துக்கு முன்னாடி நடந்தது, இப்போது போய்க் கிளறுகிறீர்களே என்கிறார்கள். சரி, பழசு செல்லாது. அப்படியென்றால் இடஒதுக்கீடு? உடனே விரல்கள் எண்ண ஆரம்பித்துவிடும். பத்து வருஷம் என்றுதானே அம்பேத்கர் போட்டார், இன்னும் எத்தனை காலம்? பத்து வருஷக் கெடு சட்டமன்ற, நாடாளுமன்றத் தொகுதிகளுக்கு மட்டும்தான், வேலைக்கும் படிப்புக்கும் கிடையாது என்று எத்தனை முறை சொன்னாலும் காதில் ஏறாது. நிலத்தைக் கேட்டால் காலம் கடந்துவிட்டது, படிப்பைக் கேட்டால் காலம் முடிந்துவிட்டது. தீண்டாமைக்கு மட்டும் யாரும் கெடு வைத்ததாகத் தெரியவில்லை.

எடுத்த நாளைத் திருப்பித் தர முடியுமா? முடியாது. பணமாகக் கொடுக்கலாம். வாச்சாத்திப் பெண்களுக்கு ஆளுக்குப் பத்து லட்சம் கொடுக்க உயர்நீதிமன்றம் உத்தரவிட்டது, கொடுக்க வேண்டியதுதான். அதற்காக இருபது வயசு திரும்பி வரப்போவதில்லை. திருப்பித் தர முடியாத கடனில் கடன்பட்டவன் குறைந்தபட்சம் என்ன செய்ய வேண்டும்? கடனை ஒத்துக்கொண்டு கணக்கில் எழுத வேண்டும். நம் தீர்ப்புகளில் சம்பவ தேதி இருக்கும், தீர்ப்புத் தேதி இருக்கும். நடுவில் இருக்கும் நாட்களுக்கு ஒரு வரி இருக்காது. சித்திரகுப்தனே தேவலாம், அவன் ஏட்டில் ஒரு நாளும் விடுபடாது.

இதை எங்கள் வட்டாரத்து வக்கீல் தோழர் ஒருவரிடம் சொன்னேன். சிரித்தார். அப்புறம் கொஞ்சம் யோசித்துவிட்டு, சரி போட்டுப் பார்ப்போம் என்றார். அந்த அம்மாவின் மனுவில் கடைசிப் பத்தியாக, சம்பவம் நடந்து இன்றோடு இத்தனை நாள், இதுவரை போட்ட வாய்தா இத்தனை, அதனால் போன கூலி இவ்வளவு, பஸ் செலவு இவ்வளவு என்று எழுதினோம். அந்த அம்மாவே ஒவ்வொன்றாகச் சொன்னார், ஒரு வாய்தாவும் விடாமல். மழை பெய்த வாய்தா, பேரன் பிறந்த மறுநாள் வந்த வாய்தா என்று. ஆபீசில் அந்தப் பத்தியை வழக்குக்குச் சம்பந்தமில்லாதது என்று சிவப்பு மையில் அடித்துத் திருப்பிக் கொடுத்தார்கள். அடுத்த மனுவிலும் எழுதியிருக்கிறோம். எண்ணிக்கை மட்டும் கூடியிருக்கிறது.